மெட்சர்: எல்லைக்கோட்டை ஒட்டி ஒரு கூட்டுப்பண்ணை

#1 வாய்க்கால்

கூட்டுப்பண்ணை என்று யாராவது ஆரம்பித்தாலே பேச்சு ரஷ்யாவின் கொல்கோசுக்கும் சீனாவின் மக்கள் கம்யூனுக்கும் போய்விடுகிறது. இரண்டும் அரசாங்கம் ஆணை போட்டு உண்டாக்கியவை. மனிதர்கள் தாங்களாக விரும்பிச் சேர்ந்து, சொந்தச் சொத்து வேண்டாம் என்று முடிவெடுத்து, அதை ஐம்பது அறுபது வருடம் நடத்தியும் காட்டிய இடங்கள் இஸ்ரேலின் கிப்புட்ஸ்கள். அவற்றில் ஒன்றைப் பற்றி மட்டும் பேசலாம் என்று இந்த இழையைத் தொடங்குகிறேன். ஊரின் பெயர் மெட்சர்.

பெயருக்கே எபிரேயத்தில் எல்லை என்றுதான் பொருள். 1953 செப்டம்பரில் அர்ஜென்டினாவிலிருந்து வந்த இளைஞர்கள் அதை அமைத்தார்கள். அவர்கள் ஹஷோமர் ஹட்சைர் என்ற இடதுசாரி யூத இளைஞர் இயக்கத்தைச் சேர்ந்தவர்கள். அந்த இயக்கம் 1913 வாக்கில் கிழக்கு ஐரோப்பாவின் கலீசியா பகுதியில் பிறந்து, பிறகு தென்னமெரிக்கா வரை பரவியது. நகரத்தில் வளர்ந்த பிள்ளைகள் மண்வெட்டி பிடிக்கப் பழகி, கப்பலேறி வந்தார்கள். அவர்களுக்குக் கிடைத்த இடம் 1949 போர்நிறுத்தக் கோட்டின் ஓரம். வரைபடத்தில் பச்சை மையால் போட்டதால் பச்சைக் கோடு என்று பெயர் வந்ததே, அந்தக் கோடு. கிழக்கே கோட்டைத் தாண்டினால் காஃபின் என்ற பாலஸ்தீன கிராமம். 1967 வரை அது ஜோர்டான் ஆட்சியில் இருந்தது. கோட்டுக்கு இந்தப் பக்கம், பண்ணையின் வேலியை ஒட்டியே மெய்சர் என்ற அரபு கிராமம். அங்கே இருப்பவர்கள் இஸ்ரேல் குடிமக்கள். மெட்சர், மெய்சர் என்று பெயர்கள்கூட அண்ணன் தம்பி மாதிரி இருக்கின்றன.

அந்தக் காலத்தில் உள்ளே வாழ்க்கை எப்படி இருந்தது? சம்பளம் கிடையாது. டிராக்டர் ஓட்டுகிறவருக்கும், பாத்திரம் கழுவுகிறவருக்கும், ஊர்ச் செயலாளருக்கும் ஒரே பங்கு. சாப்பாடு பொது உணவுக்கூடத்தில். துணி பொதுச் சலவையகத்தில். மறுநாள் யார் எங்கே வேலைக்குப் போக வேண்டும் என்ற பட்டியலை முந்தின நாள் மாலை பலகையில் ஒட்டுவார்கள். பெரிய விஷயம் எதுவானாலும் வாரம் கூடும் பொதுச்சபையில் கைதூக்கி முடிவு. எல்லோரும் சமம். இந்த அமைப்பின் முதல் ஊர் டெகானியா. 1910இல் கலிலேயக் கடலோரம் 10 ஆண்களும் 2 பெண்களுமாகத் தொடங்கியது. இன்று நாடு முழுக்க சுமார் 270 கிப்புட்ஸ்கள் உள்ளன.

மெட்சரை நான் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் அந்த அக்கம்பக்கம்தான். இவர்களும் மெய்சர்க்காரர்களும் தண்ணீரைப் பகிர்ந்துகொண்டார்கள். இரண்டு ஊருக்கும் சேர்த்து ஒரு கால்பந்து அணி வைத்திருந்தார்கள். எல்லைக்கு அருகில், போருக்கு நடுவில், இப்படி ஒரு ஊர் இருந்தது என்பதே எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது. தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

#2 தேசாந்திரி

நல்ல இழை தொடங்கினீர்கள். மெட்சர் அல்ல, வேறொரு கிப்புட்ஸில் 1980களின் நடுவில் சில மாதங்கள் தன்னார்வலனாக இருந்தேன். 1967 போருக்குப் பிறகு உலகம் முழுக்க இருந்து இளைஞர்கள் அப்படிப் போவது பெரிய அலையாக இருந்தது. வேலை செய்தால் தங்க இடம், சாப்பாடு, கொஞ்சம் கைச்செலவுக் காசு.

விடிவதற்கு முன்பே தோட்டத்துக்கு வண்டி கிளம்பிவிடும். வெயில் ஏறுவதற்குள் பாதி வேலை முடிந்திருக்க வேண்டும். எட்டு மணி வாக்கில் காலைச் சாப்பாட்டுக்குக் கூடத்துக்கு வருவோம். வெள்ளரி, தக்காளியை அவரவரே தட்டில் பொடியாக நறுக்கி எண்ணெய் ஊற்றிக்கொள்வார்கள். மேசை நடுவில் கொல்போய்னிக் என்று ஒரு கிண்ணம் இருக்கும். தோல், கொட்டை, முட்டை ஓடு எல்லாம் அதற்குள் போகும். ஊருக்கே சோறு போடுகிற கூடத்தில் மேசையைத் துடைப்பவருக்கு வேலை குறைய வேண்டும் என்று யாரோ யோசித்த ஏற்பாடு.

துணிக்கு எண் போடுவார்கள். சட்டையின் காலருக்குள் தைத்த சின்னத் துணித்துண்டில் எண் இருக்கும். சலவை முடிந்ததும் அந்த எண்ணுள்ள அடுக்கில் போய் எடுத்துக்கொள்ள வேண்டும். வெகு முன்னால், தொடக்க காலத்தில், அந்த எண்கூட இல்லையாம். சட்டைகள் பொது. அளவு சரியாக இருந்தால் எடுத்துப் போட்டுக்கொள்ள வேண்டியதுதான். அந்தத் தலைமுறைப் பெரியவர் ஒருவர் என்னோடு பாத்திரம் கழுவும் இயந்திரத்தில் வேலை பார்த்தார். எழுபதைத் தாண்டியவர். இத்தனை வயதில் ஏன் என்று கேட்டேன். இந்த மாதம் என் முறை என்றார். அவ்வளவுதான் பதில்.

வெள்ளிக்கிழமை இரவு மட்டும் மேசைகளில் வெள்ளை விரிப்பு இருக்கும். எல்லோரும் குளித்து வெள்ளைச் சட்டையோடு வருவார்கள். அந்தக் கூட்டத்தின் இரைச்சல் இன்னும் என் காதில் இருக்கிறது.

#3 நிலாமுற்றம்

தேசாந்திரி அண்ணா, அந்தக் கூடத்தில் குழந்தைகளைப் பார்த்தீர்களா? பெற்றோரோடு ராத்திரி தூங்கப் போனார்களா, அல்லது குழந்தைகள் இல்லத்துக்குத் திரும்பினார்களா? எனக்கு இந்த வாழ்க்கையில் தொண்டையில் நிற்பது அந்த ஒன்றுதான்.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். பெரும்பாலான கிப்புட்ஸ்களில் பிள்ளைகள் பெற்றோர் வீட்டில் வளரவில்லை. பிறந்த சில நாட்களிலேயே குழந்தைகள் இல்லம். தாய் பாலூட்டும் நேரத்துக்கு அங்கே போய் வர வேண்டும். அப்புறம் ஒத்த வயதுப் பிள்ளைகள் ஒரே இல்லத்தில் சேர்ந்து சாப்பிட்டு, குளித்து, படித்து, தூங்கி வளர்ந்தார்கள். பார்த்துக்கொள்ள மெதபெலெத் என்ற பணிப்பெண்கள். மாலையில் ஓரிரு மணி நேரம் அம்மா அப்பாவோடு. பிறகு அவர்களே கொண்டுபோய் படுக்க வைத்துவிட்டுத் திரும்ப வேண்டும். இரவில் ஒரு காவல்காரப் பெண் பல இல்லங்களையும் சுற்றி வருவார். பிற்காலத்தில் ஒலிபெருக்கிக் கருவி வைத்து ஒரே இடத்தில் இருந்து கேட்டார்கள். கெட்ட கனவு கண்டு எழுந்த பிள்ளை சுவரில் இருக்கும் அந்தக் கருவியிடம் அழ வேண்டும்.

இதை எல்லைக்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரவில் துப்பாக்கிச் சத்தம் கேட்டால் தாய் ஒரு பக்கம், பிள்ளை ஒரு பக்கம். அந்த ஊர்களில் குழந்தைகளை ஒரே பதுங்கிடத்தில் வைத்தால் பாதுகாப்பு என்ற நியாயமும் சொன்னார்கள். எனக்குப் புரிகிறது, ஆனாலும் ஏற்க முடியவில்லை.

பெண்களைக் குடும்பச் சுமையிலிருந்து விடுவிக்கத்தான் இந்த ஏற்பாடு என்றார்கள். நடந்தது என்ன? குழந்தைகள் இல்லத்தில் வேலை பார்த்தவர்கள் பெண்கள். சமையலறையில் பெண்கள். சலவையகத்தில் பெண்கள். ஒருத்தி தன் வீட்டில் செய்த வேலையை இப்போது நூறு பேருக்குச் செய்தாள். டெகானியாவின் அந்த 2 பெண்களில் ஒருவரான மிரியம் பரட்ஸ் மாட்டுத் தொழுவ வேலைதான் வேண்டும் என்று பிடிவாதமாக நின்றார். ஆண்கள் தயங்கியபோது பக்கத்து அரபுப் பெண்களிடம் போய்ப் பால் கறக்கக் கற்றுக்கொண்டு வந்தார். அவ்வளவு போராட வேண்டியிருந்தது, அதுவும் சமத்துவத்துக்காகவே உண்டான ஊரில்.

#4 தேசாந்திரி

பார்த்தேன் சகோதரி. நான் இருந்த ஊரில் அப்போதே பிள்ளைகள் வீட்டில் தூங்கத் தொடங்கியிருந்தார்கள். ஆனால் மெட்சர் சேர்ந்திருந்த கிப்புட்ஸ் அர்ட்சி கூட்டமைப்பு, ஹஷோமர் ஹட்சைர் இயக்கத்தின் கூட்டமைப்பு அது, பழைய முறையைக் கடைசி வரை இறுக்கிப் பிடித்த அணி. 1991 வளைகுடாப் போரில் ஈராக் ஏவுகணை வீசியபோது பெற்றோர்கள் பிள்ளைகளைத் தங்களோடு, விஷவாயு புகாமல் அடைத்த அறைக்குள் வைத்துக்கொண்டார்கள். பல ஊர்களில் அதற்குப் பிறகு யாரும் திருப்பி அனுப்பவில்லை. 1990கள் முடிவதற்குள் இல்லத்தில் தூங்கும் வழக்கம் எல்லா இடத்திலும் நின்றுபோனது.

அப்படி வளர்ந்தவர்களிடம் பேசியிருக்கிறேன். ஒருவர் அதைத் தன் வாழ்க்கையின் மிகச் சந்தோஷமான காலம் என்றார். இருபது உடன்பிறப்பு கிடைத்த மாதிரி என்றார். அவருடைய சொந்தத் தங்கை அதே இல்லத்தைப் பற்றிப் பேச்செடுத்தாலே எழுந்து போய்விடுவார். ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள்.

#5 மட்டப்பலகை

நான் சொட்டுநீர்ப் பாசனத் துறையில் இருப்பவன். எனக்கு மெட்சர் என்ற பெயர் பரிச்சயம் ஆனதே குழாயில் அச்சடித்திருந்ததால்தான். மெட்சர்பிளாஸ் என்று அந்த ஊரின் தொழிற்சாலை, 1970இல் தொடங்கியது, பாசனக் குழாய் செய்கிறது.

ஒரு விவசாயக் கம்யூன் ஏன் பிளாஸ்டிக் செய்யப் போனது என்று கேட்டால், பல காரணங்கள் ஒன்றாக வந்தன. நிலத்துக்கு வரம்பு உண்டு, தண்ணீருக்கு அரசு ஒதுக்கீடு உண்டு. டிராக்டரும் அறுவடை இயந்திரமும் வந்தபின் வயலில் அத்தனை பேருக்கு வேலை இல்லை. அதோடு, முதல் தலைமுறைக்கு முதுகு வளைய ஆரம்பித்துவிட்டது. கிப்புட்ஸில் ஓய்வு என்பது மெல்ல மெல்லத்தான் வரும். வயதானவர்க்கும் தினம் சில மணி நேர வேலை இருக்கும். உட்கார்ந்து பார்க்கும் வேலை தேவைப்பட்டது.

சொட்டுநீர் விஷயமும் கிப்புட்ஸில் முளைத்ததுதான். சிம்கா பிளாஸ் என்ற நீர்ப் பொறியாளர், வேலியோரம் ஒரு மரம் மட்டும் மற்ற மரங்களைவிடச் செழித்து நிற்பதைக் கவனித்தார். தோண்டிப் பார்த்தால் அடியில் குழாய் இணைப்பு ஒன்று கசிந்துகொண்டிருந்தது. அந்தக் கசிவை அளந்து விடும் கருவியாக்க அவருக்குப் பல வருடம் பிடித்தது. நீண்டு சுருண்ட நுண்பாதை வழியாகத் தண்ணீரை ஓடவிட்டு வேகத்தைக் குறைப்பதுதான் சூட்சுமம். துளையைச் சின்னதாக்கினால் அடைத்துக்கொள்ளும், பாதையை நீளமாக்கினால் துளை பெரிதாகவே இருக்கலாம். 1965இல் நெகெவ் பாலைவனத்தில் உள்ள ஹட்செரிம் கிப்புட்ஸ் அவரோடு ஒப்பந்தம் போட்டு நெட்டாஃபிம் நிறுவனத்தைத் தொடங்கியது. அதன்பின் வேறு கிப்புட்ஸ்களும் அதே தொழிலில் இறங்கின.

ஆனால் தொழிற்சாலை வந்ததும் ஒரு பெரிய கொள்கை உடைந்தது. சொந்த உழைப்பு, கூலிக்கு ஆள் வைப்பதில்லை என்பது கிப்புட்ஸின் அடிப்படை. இயந்திரம் மூன்று ஷிப்டும் ஓட வேண்டும் என்றால் உறுப்பினர்கள் போதவில்லை. பக்கத்து ஊர்களிலிருந்து ஆட்கள் கூலிக்கு வந்தார்கள். மேலாளர் உறுப்பினர், தொழிலாளி வெளியாள். முதலாளியே வேண்டாம் என்று கிளம்பியவர்கள் எல்லோரும் சேர்ந்து ஒரு முதலாளி ஆனார்கள். என்னைக் கேட்டால் கிப்புட்ஸின் உள் மாற்றம் அங்கேதான் ஆரம்பித்தது.

#6 கணக்குப்பிள்ளை

மட்டப்பலகை சொன்னதோடு 1985ஐச் சேர்க்க வேண்டும்.

1984இல் இஸ்ரேலில் பணவீக்கம் 400 சதவீதத்தைத் தாண்டியது. அந்த வேகத்தில் கடன் வாங்குவது லாபம்போல் தெரியும். திருப்பிக் கட்டும்போது பணத்துக்கு மதிப்பு இருக்காது. கிப்புட்ஸ்கள் தொழிற்சாலைக்கும் வீட்டுக்கும் உணவுக்கூடத்துக்கும் தாராளமாகக் கடன் வாங்கின. 1985 ஜூலையில் அரசு நிலைப்படுத்தும் திட்டத்தைக் கொண்டுவந்து பணவீக்கத்தை ஒரேயடியாக அடக்கியது. வட்டி மட்டும் மேலேயே நின்றது. ஒன்றுக்கொன்று ஜாமீன் கொடுத்திருந்த ஊர்கள் சேர்ந்தே மூழ்கின. 1989இலும் 1996இலும் அரசு, வங்கி, கிப்புட்ஸ் மூன்றும் உட்கார்ந்து ஒப்பந்தம் போட்டு, கடனில் ஒரு பகுதியைத் தள்ளி, மீதியைத் தவணை ஆக்கின.

கடன் தீர்ந்தது, நம்பிக்கை போனது. 1980களின் கடைசியில் கிப்புட்ஸ்களில் ஒன்றே கால் லட்சம் பேருக்கு மேல் இருந்தார்கள். 1990களில் இளைஞர்கள் கிளம்பிப் போனார்கள். சாப்பாட்டுக்குக் காசு, மின்சாரத்துக்கு மீட்டர், கடைசியாக வேலைக்கு ஏற்ற சம்பளம். 2005இல் அரசு விதிகளே இரண்டாகப் பிரித்தன: பழையபடி எல்லாம் பொதுவாக வைத்திருப்பது கூட்டு கிப்புட்ஸ், சம்பள வித்தியாசத்தை ஏற்றது புதுப்பித்த கிப்புட்ஸ். இன்று பெரும்பாலானவை இரண்டாவது வகை.

#7 நிலாமுற்றம்

தேநீர்க் கெண்டி விவகாரம் தெரியுமா? உறுப்பினர் அறையில் சொந்தமாகக் கெண்டி வைத்துக்கொள்ளலாமா என்று அந்தக் காலத்தில் கிப்புட்ஸ்களில் கடும் விவாதம். அறையிலேயே தேநீர் போட்டுக் குடித்தால் ஜனங்கள் மாலையில் உணவுக்கூடத்துக்கு வராமல் போவார்கள், அப்புறம் பொதுவாழ்க்கை என்ன ஆகும் என்று பயந்தார்கள். கேட்கச் சின்ன விஷயம். ஆனால் அவர்கள் பயந்தது அப்படியே நடந்தது, இல்லையா? கெண்டி, பிறகு வானொலி, பிறகு தொலைக்காட்சி, பிறகு பிள்ளை.

இதைவிடக் கனமானது ஜெர்மன் இழப்பீடு. 1950களில் நாஜிகளிடம் குடும்பத்தைப் பறிகொடுத்து வந்தவர்களுக்கு ஜெர்மனியிலிருந்து தனித்தனியாக இழப்பீட்டுப் பணம் வந்தது. உறுப்பினரின் வருமானம் எல்லாம் பொதுவுக்கு என்பது விதி. இது வருமானமா? கொலையுண்ட தாய் தகப்பனுக்கு வந்த காசைப் பொதுப் பெட்டியில் போடு என்று யார் வாயால் சொல்வது? சிலர் போட்டார்கள், சிலர் ஊரையே விட்டுப் போனார்கள், சில ஊர்களில் ஒரு பகுதியை அவரவர் வைத்துக்கொள்ளச் சொன்னார்கள். ஒரு கொள்கை எவ்வளவு தூரம் போகலாம் என்று அங்கே உட்கார்ந்து கைதூக்கியவர்களை நினைத்தால் மனசு கனக்கிறது.

#8 ஒலிவமரம்

இவ்வளவு நேரம் வாசித்தேன். எல்லாமே உள்ளேயிருந்து பார்த்த கதை. இழையின் தலைப்பில் எல்லைக்கோடு இருக்கிறது, கோட்டுக்கு அந்தப் பக்கத்தைப் பற்றி ஒரு வரி தவிர ஒன்றும் இல்லை.

வாய்க்கால், நீங்கள் தண்ணீரையும் கால்பந்தையும் எழுதினீர்கள். உண்மைதான், மறுக்கவில்லை. 1953இல் அந்த இரண்டு ஊருக்கும் இருந்த நிலைமையையும் எழுதுங்கள். மெய்சர் உட்பட இஸ்ரேலின் அரபுக் குடிமக்கள் 1966 வரை ராணுவ நிர்வாகத்தின் கீழ் இருந்தார்கள். பக்கத்து நகரத்துக்கு வேலை தேடிப் போகவும் அனுமதிச் சீட்டு வேண்டும். அர்ஜென்டினாவிலிருந்து போன மாதம் வந்தவருக்கு அது வேண்டாம். அங்கேயே பிறந்தவருக்கு வேண்டும். அதே 1953இல்தான் நிலக் கையகப்படுத்தல் சட்டமும் வந்தது. அதற்கு முன்பே எடுத்துக்கொண்ட அரபு நிலங்களுக்கு அது சட்ட உறுதி கொடுத்தது. அதே ஆண்டு அக்டோபரில், மெட்சர் அமைந்த மறுமாதம், ஒரு தாயையும் இரண்டு குழந்தைகளையும் யாரோ எல்லை தாண்டி வந்து கொன்றதற்குப் பழி என்று இஸ்ரேல் படை கோட்டுக்கு அந்தப் பக்கம் இருந்த கிப்யா கிராமத்துக்குள் புகுந்து 60 பேருக்கும் மேல் கொன்றது. அந்தப் பச்சைக் கோடு அப்படிப்பட்ட கோடு.

கோடு ஊர்களையே பிளந்தது. பாகா என்ற ஊர் மேற்கு பாகா, கிழக்கு பாகா என்று இரண்டு நாட்டில் விழுந்தது. பர்தா கிராமத்தின் நடுவே கோடு போனது. ஒரே குடும்பத்தின் பாதி இங்கே, பாதி ஜோர்டானில். பதினெட்டு வருடம் கல்யாணத்துக்கும் சாவுக்கும் போக முடியாமல் இருந்தார்கள்.

ஹஷோமர் ஹட்சைர் 1948க்கு முன்னால் யூதரும் அரபியரும் சமமாக ஆளும் ஒரே நாடு வேண்டும் என்று சொன்ன இயக்கம். அதை மதிக்கிறேன். ராணுவ நிர்வாகத்தை நீக்கச் சொல்லி அவர்களின் மாபாம் கட்சி குரல் கொடுத்ததும் தெரியும். ஆனால் அதே இயக்கத்தின் கிப்புட்ஸ்கள் பலவும் 1948இல் ஜனங்கள் விரட்டப்பட்டும் ஓடியும் போன கிராமங்களின் நிலத்தில் பயிர் வைத்தன. இரண்டும் ஒரே மனிதர்கள் செய்தவை.

#9 வாய்க்கால்

நீங்கள் சொன்னது எதையும் மறுக்க மாட்டேன். நிலம் உறுப்பினர்களுக்குச் சொந்தமும் அல்ல. அரசுடையது அல்லது யூத தேசிய நிதியத்துடையது, கிப்புட்ஸுக்கு 49 ஆண்டுக் குத்தகை. யாருக்குக் குத்தகை கிடைக்கும் என்பதிலேயே ஒரு கேள்வி இருக்கிறது என்று ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் 2002ஐப் பற்றிச் சொல்ல விடுங்கள். நான் மெட்சரிடம் வந்ததே அதன் வழியாகத்தான்.

2002 இரண்டாம் இன்டிஃபாடாவின், அதாவது பாலஸ்தீனர்களின் இரண்டாவது எழுச்சியின், மிக மோசமான வருடம். பேருந்திலும் உணவகத்திலும் தற்கொலைக் குண்டுகள். மறுபக்கம் மேற்குக் கரை நகரங்களுக்குள் டாங்கிகள். அந்த ஜூனில் அரசு பிரிப்பு வேலி கட்டத் தொடங்கியது. திட்டமிட்ட பாதை அந்தப் பகுதியில் பச்சைக் கோட்டில் போகவில்லை, கிழக்கே நகர்ந்து காஃபின் நிலத்துக்குள் புகுந்தது. கிராமம் ஒரு பக்கம், ஒலிவத் தோப்பு மறுபக்கம். மெட்சர் மக்கள் இதை எதிர்த்தார்கள். வேலி வேண்டாம் என்று அவர்கள் சொல்லவில்லை. கோட்டின் மேலேயே போடுங்கள், தேவையானால் எங்கள் நிலத்தில் எடுத்துக்கொள்ளுங்கள், அவர்கள் மரத்தைப் பிடுங்காதீர்கள் என்று அதிகாரிகளிடம் பேசினார்கள். காஃபின்காரர்களோடு சேர்ந்தே பேசினார்கள்.

அந்தப் பேச்சு நடந்துகொண்டிருந்தபோதே, நவம்பர் 10 இரவு, துப்பாக்கியோடு ஒருவன் ஊருக்குள் நுழைந்தான். ஐந்து பேரைக் கொன்றான். ஒரு தாய், அவருடைய 4 வயதும் 5 வயதுமான இரண்டு மகன்கள், வீட்டுக்குள்ளேயே. சத்தம் கேட்டு விரைந்து வந்த ஊர்ச் செயலாளர். இன்னொரு பெண். ஃபத்தா என்ற பாலஸ்தீன இயக்கத்தைச் சேர்ந்த அல்-அக்ஸா தியாகிகள் படையணி பொறுப்பேற்றது.

மறுநாள் மெய்சர் ஊர்க்காரர்கள் துக்கம் விசாரிக்க வந்தார்கள். மெட்சர் சார்பில் பேசியவர்கள் தங்கள் நிலைப்பாட்டை மாற்றவில்லை. வேலியைப் பற்றி முந்தின வாரம் சொன்னதையே, அடக்கம் முடிந்த பிறகும் சொன்னார்கள். நான் இதைப் பலமுறை யோசித்துப் பார்த்திருக்கிறேன். என் தெருவில் அப்படி நடந்திருந்தால் எனக்கு அந்த வாய் வந்திருக்குமா, தெரியாது.

#10 தேசாந்திரி

வாசித்துவிட்டு வெகு நேரம் ஒன்றும் எழுதத் தோன்றவில்லை.

#11 கணக்குப்பிள்ளை

வேலி வேண்டும் என்றவர்களையும் புரிந்துகொள்ள வேண்டும். அந்த வருடங்களில் வாரத்துக்கு வாரம் குண்டு வெடித்த ஊர்க்காரருக்கு வரைபடத்தில் கோடு எங்கே போகிறது என்பதைப் பற்றி யோசிக்க மனம் இருந்திருக்காது. முதல் கட்டம் 2003 நடுவில் முடிந்தது. பிறகு தாக்குதல்கள் குறைந்தன. வேலிதான் காரணமா, ராணுவ நடவடிக்கையா, பாலஸ்தீன இயக்கங்கள் எடுத்த முடிவா என்று வாதம் செய்யலாம். பிள்ளையைப் பேருந்தில் ஏற்றிவிடும் தாய்க்கு அந்த வாதம் தேவையில்லை.

#12 ஒலிவமரம்

தாயின் பயம் புரிகிறது. மெட்சர் கேட்டதும் வேலிதானே, அதைக் கோட்டின் மேல் போடுங்கள் என்பதுதானே. கோட்டில் போட்டிருந்தால் பேருந்தில் போகிற பிள்ளைக்கு என்ன குறைந்திருக்கும்? வளைத்துக் கொண்டுபோனதற்குப் பயம் மட்டும் காரணமாக இருக்க முடியாது. சர்வதேச நீதிமன்றம் 2004 ஜூலையில் கொடுத்த ஆலோசனைக் கருத்திலும் இதுதான்: ஆக்கிரமித்த நிலத்துக்குள் இந்தச் சுவரைக் கட்டியது சட்டத்துக்கு விரோதம்.

வேலி வந்த பிறகு காஃபினில் நடந்ததைச் சொல்கிறேன். ஒலிவத் தோப்புகளில் பெரும்பங்கு அந்தப் பக்கம் போய்விட்டது. போக வேண்டுமானால் வாயில், வாயிலுக்கு அனுமதி அட்டை. நிலத்தோடு உள்ள உறவை நிரூபித்தால்தான் அட்டை கிடைக்கும். தாத்தா பெயரில் இருக்கும் மரத்துக்குப் பேரனுக்கு அட்டை கிடைக்காமல் போகும். பல வாயில்கள் ஒலிவ அறுவடைக் காலத்தில்தான் திறக்கும், அதுவும் குறித்த மணிக்கு. ஒலிவ மரம் அறுவடைக்கு மட்டும் போய்ப் பார்க்கிற மரம் இல்லை. உழ வேண்டும், கவாத்து செய்ய வேண்டும், களை எடுக்க வேண்டும், கோடையில் தீப்பிடித்தால் ஓடிப்போய் அணைக்க வேண்டும். கவனிப்பில்லாத தோப்பில் காய் சிறுத்துப் போகும். சில வருடத்தில் தரிசு போலத் தெரியும்.

#13 மட்டப்பலகை

ஒலிவமரம் ஐயா சொன்ன கவாத்து விஷயம் விவசாயி சொல்லும் சொல். ஒலிவம் ஒரு வருடம் நிறையக் காய்த்தால் அடுத்த வருடம் ஓய்வெடுக்கும். அந்த ஓய்வு வருடத்தில் செய்கிற வேலையில்தான் அதற்கடுத்த மகசூல் இருக்கிறது. வாயிலை அறுவடைக்கு மட்டும் திறப்பவருக்கு அது தெரியாது. மெட்சர்காரர்களுக்குத் தெரிந்திருக்கும், அவர்களும் மரம் வைத்தவர்கள்.

#14 நிலாமுற்றம்

இதையெல்லாம் வாசிக்கும்போது 2023 அக்டோபர் 7 ஹமாஸ் தாக்குதல் நினைவுக்கு வராமல் இல்லை. காசா எல்லையோரக் கிப்புட்ஸ்கள், பெஎரி, கஃபர் அசா, நிர் ஓஸ். நிர் ஓஸும் ஹஷோமர் ஹட்சைர் வழி வந்த ஊர், அங்கும் அர்ஜென்டினாக் குடும்பங்கள் நிறைய. சுமார் 400 பேர் இருந்த ஊரில் ஏறத்தாழ நாலில் ஒருவர் கொல்லப்பட்டார் அல்லது கடத்தப்பட்டார். காசாவிலிருந்து வரும் நோயாளிகளைத் தங்கள் காரில் ஏற்றி இஸ்ரேல் மருத்துவமனைகளுக்குக் கொண்டுபோன முதியவர்கள் அந்த ஊர்களில் இருந்தார்கள். அதன்பின் காசாவில் பல்லாயிரம் பேர் குண்டுக்குப் பலியானார்கள், குழந்தைகள் எத்தனை பேர் என்று எண்ணவே முடியவில்லை. இதற்கு மேல் என்னால் எழுத முடியவில்லை.

#15 ஒலிவமரம்

சகோதரி எழுதியதைப் படித்து நானும் நின்றுவிட்டேன். அந்தத் துக்கத்தில் பக்கம் இல்லை.

வாய்க்கால், உங்களிடம் ஒன்று மட்டும் கேட்க வேண்டும். மெட்சர் மக்களின் நல்ல மனசைக் குறைத்துப் பேச நான் வரவில்லை. காஃபின் மரத்துக்காக அவர்கள் நின்றதை நானும் எடுத்துச் சொல்வேன். ஆனால் உங்கள் முதல் பதிவில் எல்லோரும் சமம் என்று ஒரு வரி இருக்கிறது. மெய்சரில் பிறந்த இளைஞன் ஒருவன், அவர்களோடு கால்பந்து ஆடியவன், அவர்கள் தொழிற்சாலையில் வேலை பார்க்கலாம். அந்தக் கம்யூனில் உறுப்பினராக முடியுமா? கிப்புட்ஸில் சேர விண்ணப்பம், சோதனைக் காலம், பிறகு பொதுச்சபை வாக்கெடுப்பு. நடைமுறையில் அரபுக் குடிமகனுக்கு அந்தக் கதவு திறந்ததில்லை, ஏதோ ஓரிரு விதிவிலக்குகளைத் தவிர. நிலத்தைக் கொடுக்கும் அமைப்பே யூதக் குடியேற்றத்துக்காக உண்டானது. கூலிக்கு வந்தவர்களைப் பற்றி மட்டப்பலகை சொன்னார். பெண்களைப் பற்றிச் சகோதரி சொன்னார். எல்லோரும் என்ற சொல்லுக்குள் யார் இருந்தார்கள்?

#16 தேசாந்திரி

ஒன்று சொல்லலாமா. என்னோடு பாத்திரம் கழுவிய அந்தப் பெரியவரை எழுதினேன். அதே சமையலறையின் பின்பக்கம் தினமும் காலை பக்கத்து அரபு கிராமத்திலிருந்து இரண்டு பேர் வேலைக்கு வருவார்கள். நானும் அவர்களும் பின்கட்டுப் படியில் உட்கார்ந்து தேநீர் குடிப்போம். அவர்களுக்குச் சலவையகத்தில் எண் கிடையாது. சில மாதம் இருந்துவிட்டுப் போகிற எனக்கு எண் இருந்தது. அன்றைக்கு அது எனக்கு உறைக்கவில்லை. நேற்று ராத்திரி இந்த இழையைப் படித்தபோதுதான் உறைத்தது.

#17 வாய்க்கால்

ஒலிவமரம், இரண்டு நாளாக உங்கள் கேள்வியோடுதான் இருந்தேன். பதிலுக்குப் பதில் எழுதிப் பார்த்தேன், எதுவும் நிற்கவில்லை. முதல் பதிவில் அந்த வரியை உறுப்பினர்கள் எல்லோரும் சமம் என்று மாற்றப்போகிறேன். உங்கள் எட்டாவது, பன்னிரண்டாவது பதிவுகளுக்கான இணைப்பையும் அதன் கீழேயே சேர்த்துவிடுகிறேன், புதிதாக வருபவர்கள் அங்கிருந்தே படிக்கட்டும்.

தேசாந்திரி அண்ணா, நேரம் கிடைக்கும்போது அந்தப் பின்கட்டைப் பற்றி இன்னும் எழுதுங்கள்.